இரண்டாம் பதிப்பில் தம்பி

ஜனவரி 12, ஞாயிறு

எட்டாம் அத்தியாயம் முடிந்தது. இந்த வேலை நடக்கும் விதத்தை ஒருமுறை எழுதிவைக்கிறேன்.

புத்தகம் ருக்சாந்த்ரா வெலியா எழுதிய நாவல். ருமேனியாவில் பிறந்தவர். இளம் வயதில் பாரிசுக்குப் போய், பல்கலைக்கழகத்தில் இலக்கியம் கற்பித்தவர். நாவல்களும் ஆய்வு நூல்களும் பிரெஞ்சிலேயே எழுதினார். அக்கா ஒர்த்தான்ஸ் இந்த நாவலைத் தமிழில் மொழிபெயர்க்கிறாள். கல்லூரியில் பிரெஞ்சு கற்பித்து ஓய்வு பெற்றவள். இப்போது கண்ணின் நடுப்பகுதி மங்கிவிட்டது, ஓரத்தில் மட்டும் தெரிகிறது. அச்செழுத்து கண்ணுக்குத் தெரியாது. ஆகவே நான் பிரெஞ்சை வாய்விட்டுப் படிக்கிறேன். அவள் கேட்டுவிட்டுத் தமிழில் சொல்கிறாள். நான் கணினியில் தட்டுகிறேன்.

ஐந்தாம் வகுப்புவரை பிரெஞ்சுப் பள்ளியில் படித்தவன் என்பதால் எனக்கு உச்சரிப்பு வரும். அர்த்தம் அங்கங்கே வரும்.

"நீ நல்லா படிக்கிறடா தனிசு, புரியாததால" என்கிறாள் அக்கா. புரிந்தால் நடிக்க ஆரம்பித்துவிடுவேனாம்.

ஓய்வு பெறும்வரை நாளிதழ் நிருபராக இருந்தவன் நான். ஒருவர் சொல்லச் சொல்ல எழுதுவது புதிதல்ல.

மாலை லியோனிலிருந்து ரெஜி கூப்பிட்டான். அக்காவின் ஒரே மகன். அவளிடம் தனியாகப் பேசுவான். ஆனால் "நல்லா இருக்கேன்" என்பதற்கு மேல் அவளிடமிருந்து எதுவும் வராது. அதனால் ஞாயிறுதோறும் என்னைக் கூப்பிடுகிறான். அக்காவுக்கு இது தெரியாது. மாடியில் என் அறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு பேசுகிறேன். இந்த வாரம் சொன்னது: வியாழன் காலை அடுப்பில் பால் பொங்கித் தீ அணைந்துவிட்டது, காஸ் திறந்தே இருந்தது, வேலைக்கு வந்த அஞ்சலாட்சி மூடினாள்.

கோடைக்கு முன் அம்மாவைத் தன்னோடு அழைத்துப் போய்விடலாமா என்று ரெஜி யோசிக்கிறான். என் தகவலை வைத்துத்தான் முடிவு செய்வானாம். நான் பேசும்போது குறுக்கே ஒரு வார்த்தை பேசுவதில்லை. இப்படிக் கேட்கும் செய்தி ஆசிரியர் எனக்கு வாய்த்ததே இல்லை.

ஜனவரி 14, செவ்வாய்

பொங்கல். அஞ்சலாட்சி வரவில்லை. பாத்திரம் நான் தேய்த்தேன். வேலை நடக்கவில்லை.

ஜனவரி 17, வெள்ளி

நாவல் எனக்குப் பிடிபட ஆரம்பித்திருக்கிறது. ஆற்றங்கரைத் துறைமுக ஊர் ஒன்றில் சபினா என்று ஒரு பள்ளி ஆசிரியை. அவளைப் பற்றி யாரோ அதிகாரிகளுக்கு மாதாமாதம் குறிப்பு எழுதி அனுப்புகிறார்கள். அத்தியாயங்களுக்கு நடுவே அந்தக் குறிப்புகள் வருகின்றன. இன்று ஒன்றைத் தட்டினேன்:

"செவ்வாய். அரை ரொட்டிதான் வாங்கினாள். சால்வையை உள்பக்கம் வெளியே தெரியும்படி போர்த்தியிருந்தாள். சமையலறை விளக்கு வழக்கத்தைவிட நேரம் கழித்து அணைந்தது. யாரும் வரவில்லை."

அருமையான குறிப்பு. ஓர் அடைமொழி கிடையாது, ஊகம் கிடையாது. பயிற்சிக்கு வரும் பிள்ளைகளிடம் இதைக் கொடுத்து, செய்தி என்றால் இப்படி என்று சொல்லலாம். அக்காவிடமும் சொன்னேன்.

"உனக்கு இது புடிக்கும்னு தெரியும்" என்றாள். 

ஜனவரி 20, திங்கள்

பேக்கரியில் எதிர்வீட்டு சாம்பசிவத்தைப் பார்த்தேன். மின்துறையில் இருந்து ஓய்வு பெற்றவர். ரொட்டியை வாங்கிக்கொண்டே, "என்ன சார், அக்கா காஸை மூடாம விட்டுட்டாங்களாமே? பாத்துக்குங்க, வயசாச்சுல்ல" என்றார்.

அவருக்கு எப்படித் தெரியும்? அக்கா வெளியே போகவில்லை. நான் சொல்லவில்லை. மிச்சம் அஞ்சலாட்சி. அவளும் எதிர்வீட்டில் வேலை செய்யவில்லை. புரியவில்லை.

ஜனவரி 23, வியாழன்

இன்று நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

குறிப்பு எழுதுபவர் யார் என்று தெரியவரும் இடம். பிரெஞ்சில் நான் படித்தது எனக்கே புரிந்தது. சின்ன வயது வார்த்தைகள்: வீடு, எதிரே, ஜன்னல், அண்டை வீட்டுக்காரர். அதாவது எழுதுபவன் எதிர்வீட்டுக்காரன். ஜன்னலில் நின்று பார்த்து எழுதுகிறான்.

அக்கா கண்ணை மூடிக்கொண்டு கேட்டாள். பிறகு தமிழில் சொன்னாள்:

"மாடியில் அவளுடைய தம்பி குடியிருந்தான். படிக்கட்டில் அவள் காலடி கேட்டால் பேனாவை எடுப்பான்."

நான் பக்கத்தை மறுபடி பார்த்தேன். தம்பி இல்லை. மாடி இல்லை. படிக்கட்டும் இல்லை.

"இன்னொரு தடவ படிக்கட்டுமா அக்கா?"

"எதுக்கு? காதுல நல்லா விழுந்துச்சு. தட்டு."

தட்டினேன். சாப்பாட்டுக்கு அஞ்சலாட்சி சுதும்பு மீன் குழம்பு வைத்திருந்தாள். முள் எடுக்கவே நேரம் போய்விட்டது.

ஜனவரி 24, வெள்ளி

மறுபடியும். எதிர்வீட்டுக்காரன் தன் மனைவியோடு சந்தைக்குப் போகிறான் என்று நான் படித்தேன். தம்பி அக்காவோடு சந்தைக்குப் போகிறான் என்று அவள் சொன்னாள். பை தூக்குவதும் அவன்தானாம். அகராதியை எடுத்துப் பார்த்தேன். நான் புரிந்துகொண்டதுதான் சரி.

அக்காவுக்கு என்ன ஆகிறது என்று தெரியவில்லை. பேச்சில் தடுமாற்றம் இல்லை. பால்காரர் கணக்கில் ஒரு பாக்கெட் பிசகினால் பிடித்துவிடுகிறாள். புத்தகத்தில் மட்டும் இப்படி.

ஜனவரி 26, ஞாயிறு

ரெஜியிடம் சொன்னேன். நான் ஒன்று படித்தால் அவள் ஒன்று சொல்கிறாள், தேதி வாரியாக இரண்டு உதாரணம் இருக்கிறது என்றேன். 

"மாமா, காஸை விட இது பெரிய விஷயம்" என்றான். "இங்க எனக்குத் தெரிஞ்சவங்க அம்மாவுக்கு இப்படித்தான் ஆரம்பிச்சது."

ஏப்ரலுக்கு டிக்கெட் பார்க்கிறானாம். மார்ச் இரண்டாம் தேதிக்குள் உறுதி செய்துவிடுவானாம்.

நான் சொன்னதில் பிழை இல்லை. போனை வைத்த பிறகு கீழே இறங்க மனம் வரவில்லை. ஏன் என்று தெரியவில்லை. பசியும் இல்லை.

ஜனவரி 28, செவ்வாய்

அஞ்சலாட்சியைத் தனியாக நிறுத்திக் கேட்டேன்.

"வீட்டு விஷயம் தெருவுக்குப் போகுது. யார் சொல்றா?"

அவள் கரண்டியோடு நின்று சிரித்தாள். "என்ன கேக்கறீங்களா? நல்லா இருக்கே! ஐயா, ஞாயித்துக்கெழம சாயங்காலம் ஆனா நம்ம தெருவுல யாரும் டிவி நியூஸ் போடறதில்ல, தெரியுமா?"

"அதுக்கும் இதுக்கும் என்ன சம்பந்தம்?"

"அட போங்கய்யா" என்று பாத்திரத்தை எடுத்துக்கொண்டு போய்விட்டாள். கேட்ட கேள்விக்குப் பதில் சொல்லாமல் நழுவுகிற ஆட்கள் எனக்குப் பழக்கம். அவளைக் கவனிக்க வேண்டும்.

பிப்ரவரி 4, செவ்வாய்

பன்னிரண்டாம் அத்தியாயம். தம்பி எழுதும் குறிப்பு இன்னொன்று:

"அக்கா இருமுகிறாள். மருந்துக் கடைக்குப் போகவில்லை. நான் வாங்கிக் கொடுத்தால் எப்படித் தெரியும் என்று கேட்பாள். ஆகவே வாங்கவில்லை."

தட்டிக்கொண்டிருக்கும்போது அக்கா, "என்னடா, கை நின்னுடுச்சு?" என்றாள். விசைப்பலகையில் ஓர் எழுத்து சரியாக விழவில்லை என்றேன்.

இது ருமேனியாவில், கண்காணிப்பு ஆட்சிக் காலத்தில் நடக்கும் கதை. நான் செய்வது ஒரு மகனுக்குத் தாயின் உடல்நலத்தைச் சொல்வது. அக்கா வேண்டுமென்றே மாற்றுகிறாளா, தெரியாமல் மாற்றுகிறாளா? வேண்டுமென்றே என்றால் அவளுக்குத் தெரிந்திருக்க வேண்டும். தெரிந்திருக்க வழியே இல்லை. தெரியாமல் என்றால் ரெஜி சொல்வதுதான் சரி. இரண்டில் எது நல்லது என்று யோசித்தேன். எதுவும் நல்லதாகத் தெரியவில்லை.

பிப்ரவரி 9, ஞாயிறு

டிக்கெட் பிடித்துவைத்துவிட்டானாம். பணம் கட்டவேண்டியதுதான் பாக்கி. லியோன் வீட்டில் அக்காவுக்குத் தோட்டத்தைப் பார்த்த அறை. "நீங்களும் ஒரு மாசம் வந்துட்டுப் போங்க மாமா" என்றான்.

ஒரு மாதம்.

பிப்ரவரி 11, செவ்வாய்

மீன் விலை ஏறிவிட்டது. பதின்மூன்றாம் அத்தியாயம் மெதுவாக நகர்கிறது. நான்தான் அடிக்கடி நிறுத்துகிறேன் என்கிறாள் அக்கா.

பிப்ரவரி 14, வெள்ளி

பதிப்பகத்திலிருந்து ஆசிரியர் குழலி போன் செய்தார். சென்னைப் பெண். தட்டி முடித்த அத்தியாயங்களை அவருக்குத்தான் அனுப்புகிறேன். ஒப்பிட்டுப் பார்ப்பதற்காக மூலப் பக்கங்களையும் படம் எடுத்து அனுப்புவது வழக்கம்.

"சார், ஒரு விஷயம் எனக்குப் புரியல. நீங்க அனுப்புற பக்கங்கள் முதல் பதிப்பு. மேடம் சொல்ற தமிழ் ரெண்டாம் பதிப்பு. எப்படி சார்?"

எனக்கும் புரியவில்லை என்றேன்.

குழலியிடம் இரண்டாம் பதிப்பின் ஆங்கில மொழிபெயர்ப்பு இருக்கிறது. அதில் குறிப்பு எழுதுபவன் தம்பி. மாடியில் இருக்கிறான். சந்தையில் பை தூக்குகிறான். அக்கா சொன்னது வரிக்கு வரி சரி.

வெலியா ஆய்வாளராக எழுதிய கட்டுரை ஒன்றில் இதற்கு விளக்கமும் இருக்கிறதாம். குழலி சுருக்கிச் சொன்னார், நான் எழுதிக்கொண்டேன். ஆட்சி மாறிய பிறகு வெலியாவுக்குத் தன்னைப் பற்றிய கோப்பைப் பார்க்க அனுமதி கிடைத்திருக்கிறது. எழுதியவன் சொந்தத் தம்பி. முதல் பதிப்பு வந்தபோது அவன் உயிரோடு இருந்தான், புத்தகத்தைப் படிப்பான் என்று கதையில் அவனை எதிர்வீட்டுக்கு அனுப்பிவிட்டார். அவன் இறந்த பிறகு திரும்ப வீட்டுக்குள் அழைத்துக்கொண்டார். கட்டுரையின் கடைசிப் பகுதியைக் குழலி வரிவரியாகத் தமிழில் சொன்னார்:

"கோப்பைப் படித்தபோது எனக்குக் கோபம் வரவில்லை, குழப்பம்தான் வந்தது. அவன் எழுதியதில் பொய்யே இல்லை. ஒவ்வொன்றையும் சரிபார்த்தேன். ஆனால் பாரிசுக்குப் போவதற்கு முந்தைய அந்தக் குளிர்காலத்தில்தான் நான் என் முதல் புத்தகத்தை எழுதினேன். அதைப் பற்றி ஒரு வரி இல்லை."

"மேடத்துக்கு எவ்ளோ ஞாபகம் சார்!" என்றார் குழலி. "மனப்பாடமா வெச்சிருக்காங்க போல."

நான் ரெஜியிடம் சொன்னது நேர் எதிர்.

பிப்ரவரி 15, சனி

காலை காபி குடித்ததும் கேட்டுவிட்டேன்.

"அக்கா, அந்தக் குறிப்பு எழுதறவன் எதிர்வீட்டுக்காரன்தானே?"

"நீ படிக்கிற புக்குல ஆமா."

"நீ தம்பின்னு சொன்னியே."

"அந்தம்மா பின்னால மாத்திட்டாங்க. என்கிட்ட இருந்த புக்கு அந்தப் பதிப்புதான். காலேஜ்ல யாரோ படிச்சிட்டுத் தரேன்னு வாங்கிட்டுப் போனாங்க, போனது போனதுதான். இது லைப்ரரி புக்கு, பழசு. ரெண்டையும் பாடம் எடுத்திருக்கேன்டா. எங்கெங்க மாறும்னு எனக்குத் தெரியாதா?"

"மொதல்லயே சொல்லியிருக்கலாம்ல?"

"நீ கேக்கல. கேள்வி கேக்கறதுதானே உன் தொழிலு? இத கேக்க உனக்கு இத்தன நாளா?"

"நான் வேற என்னவோன்னு நெனச்சேன்."

"தெரியும். நான் ஒன்று படித்தால் அவள் ஒன்று சொல்கிறாள். தேதி வாரியாக இரண்டு உதாரணம் இருக்கிறது."

ரெஜியிடம் நான் சொன்ன வாக்கியம். என் குரலிலேயே, என் எழுத்துத் தமிழிலேயே சொன்னாள். நான் கோப்பையைக் கீழே வைத்தேன்.

"உனக்கு போன்ல மெதுவா பேச வராதுடா. டிரங்க் கால்ல கத்திக் கத்திச் சேதி குடுத்த காலத்துலேர்ந்தே வராது. கதவ சாத்திட்டா ஆச்சா? 'வியாழன் காலை'ன்னு ஆரம்பிப்ப. எதிர்வீட்டு சாம்பசிவம் நாற்காலிய வாசலுக்குத் தள்ளிப் போட்டுக்குவாரு. அஞ்சலாட்சி வேலை முடிஞ்சாலும் கெளம்ப மாட்டா."

"எப்பலேர்ந்து தெரியும்?"

"மொத ஞாயித்துக்கெழமலேர்ந்து."

"ஏன்க்கா ஒண்ணும் சொல்லல?"

"என்னத்த சொல்றது? பொய்யா சொன்ன? பாலு பொங்குச்சு. காஸ் தொறந்திருந்துச்சு. எல்லாம் நடந்ததுதான்." தலையைத் திருப்பிக் கண்ணின் ஓரத்தால் என்னைப் பார்த்தாள். "ஒண்ணு கேக்கறேன். நான் இந்தப் புக்கைத் தமிழ்ல பண்றேன்னு அவன்கிட்ட எப்பவாவது சொன்னியா?"

யோசித்தேன். ஒவ்வொரு ஞாயிறாக நினைவுபடுத்திப் பார்த்தேன். சொல்லவில்லை. மறைக்க வேண்டும் என்று இல்லை. அது பாட்டுக்கு நடந்துகொண்டிருந்தது. நடந்துகொண்டிருப்பதை எந்தப் பத்திரிகையும் போடாது.

"நீ அவன்கிட்ட சொல்லியிருக்கலாமே?"

"சொன்னா, இந்த வயசுல எதுக்கும்மா இதெல்லாம்ன்னுவான். எனக்கு ரோஷம். அச்சான அப்புறம் அனுப்பலாம்னு இருந்தேன்." பிறகு மெதுவாகச் சொன்னாள்: "லியோன்ல எனக்கு யாருடா தமிழ் தட்டுவா?"

வேலை நடக்கவில்லை.

பிப்ரவரி 16, ஞாயிறு

நானே ரெஜியைக் கூப்பிட்டுத் திருத்தம் சொன்னேன். அம்மா மொழிபெயர்க்கிறாள், தடுமாறவில்லை, பதிப்பு மாறியதுதான் காரணம், பிழை என்னுடையது. எல்லாவற்றையும் வரிசையாகச் சொன்னேன்.

பொறுமையாகக் கேட்டான். பிறகு, "அம்மா சொல்லச் சொன்னாங்களா மாமா?" என்றான்.

இல்லை என்றேன்.

"பக்கத்துல இருக்காங்களா?"

இல்லை என்றேன். மாடியில்தான் இருந்தேன். கீழே எல்லாம் கேட்டிருக்கும் என்று அவனிடம் சொல்லவில்லை.

"சரி மாமா. ரெண்டாம் தேதி பேசுவோம்" என்று வைத்துவிட்டான். முதல் பக்கத்தில் வந்த செய்திக்கு உள்பக்கத்தில் சின்ன எழுத்தில் திருத்தம் போடுவோம். அதை யாராவது படித்ததாக நான் கேள்விப்பட்டதில்லை.

பிப்ரவரி 19, புதன்

பதினைந்தாம் அத்தியாயம். இப்போதெல்லாம் பக்கத்தில் எதிர்வீட்டுக்காரன் வந்ததும் என் நாக்கே தடுமாறுகிறது. "நிறுத்தாம படி. அவன் அவ்ளோ கெட்டவன் இல்ல" என்கிறாள் அக்கா.

"நல்லவனா?"

"தெரியல. அந்தம்மாவுக்கே தெரியல. தெரிஞ்சிருந்தா ரெண்டு பதிப்பு எதுக்கு?"

பிப்ரவரி 25, செவ்வாய்

சாம்பசிவம் வாசலில் நிறுத்தி, "ஞாயித்துக்கிழமை போன் வரலியா சார்? சத்தமே காணோம்" என்றார். உள்ளே வந்து கதவைச் சாத்தினேன். பதினாறாம் அத்தியாயம் முடிந்தது.

மார்ச் 1, சனி

குளியலறை வாசலில் அக்கா வழுக்கி விழுந்தாள். இடது முழங்கையில் அடி. எலும்புக்கு ஒன்றும் இல்லை. கை மடங்குகிறது, நீட்ட முடிகிறது. ஐஸ் வைத்தேன். அஞ்சலாட்சி, "தண்ணிய தொடைக்காம விட்டது யாரு? நானா, நீங்களா?" என்று என்னைப் பார்த்தாள். குளித்துவிட்டுக் கடைசியாக வந்தவன் நான்.

ரெஜியிடம் சொல்லாதே என்று அக்கா சொல்லவில்லை. சொல் என்றும் சொல்லவில்லை. மாலை கையைத் தலையணைமேல் வைத்துக்கொண்டு பதினேழாம் அத்தியாயத்தை முடித்தாள்.

நாளை என்ன சொல்வேன் என்று எனக்கே தெரியவில்லை. சொன்னால் அவன் பணம் கட்டிவிடுவான். சொல்லாவிட்டால் தெரிந்த செய்தியை அமுக்கியவன் ஆவேன். வேலையில் இருந்த காலத்தில் அப்படிச் செய்த ஒருவரோடு நான் பேச்சையே நிறுத்தினேன்.

மார்ச் 2, ஞாயிறு

போன் வந்தது. மாடிக்குப் போகவில்லை. சாப்பாட்டு மேசையில், அக்காவுக்கு எதிரிலேயே உட்கார்ந்து எடுத்தேன்.

"சொல்லுங்க மாமா" என்றான் ரெஜி. "இன்னிக்கு ராத்திரிக்குள்ள நான் கட்டணும்."

"பதினேழாம் அத்தியாயம் நேத்து முடிஞ்சிடுச்சு" என்றேன். அதில் ஒரு வாக்கியத்துக்கு அக்கா மூன்று விதமாகச் சொல்லிப் பார்த்து, மூன்றையும் அடித்து, நான்காவதை வைத்துக்கொண்டதைச் சொன்னேன். குழலி சொன்னதைச் சொன்னேன். ரெஜி கேட்டுக்கொண்டிருந்தான். அதோடு நிறுத்திவிட்டேன்.

அக்கா தலையைத் திருப்பி ஓரக்கண்ணால் என்னைப் பார்த்தாள்.

"விழுந்ததையும் சொல்லுடா" என்றாள்.

நான் போனைப் பொத்தவில்லை. ரெஜிக்குக் கேட்டிருக்கும்.

"அக்கா..."

"ரெண்டையும் சொல்லு. ஒண்ண மட்டும் சொன்னா அது நான் இல்ல."

சொன்னேன். சனிக்கிழமை காலை, குளியலறை வாசல், இடது முழங்கை. தரையில் தண்ணீர் விட்டது நான் என்பதையும் சொன்னேன்.  தொடர்பு போய்விட்டதோ என்று பார்த்தேன். போகவில்லை.

"இன்னும் எத்தனை அத்தியாயம் மாமா?" என்றான் ரெஜி.

"அஞ்சு."

"யாரைப் பத்தின கதை?"

இத்தனை ஞாயிறுகளில் அவன் கேட்காத கேள்வி. ஒரு வரியில் சொல்லப் பார்த்தேன், வரவில்லை. அக்காவிடமே கேள் என்று போனை நீட்டினேன். அவள் வாங்கிப் பிரெஞ்சில் பேசினாள், வெகுநேரம். எனக்குப் புரிந்தது அங்கங்கேதான். எதிரே என்பது வந்தது, வீடு வந்தது, தம்பி இரண்டு முறை வந்தது. ஒரு இடத்தில் அவள் சிரித்தாள். அந்தப் பக்கமும் சிரிப்பு கேட்ட மாதிரி இருந்தது. போனை என்னிடம் தராமலே வைத்துவிட்டாள்.

"என்ன சொன்னான்? கட்டறானா, இல்லையா?"

"சரிம்மான்னான்."

"எதுக்கு சரி? டிக்கெட்டுக்கா, புத்தகத்துக்கா?"

"நான் கேக்கல" என்றாள் அக்கா. "நீயும் கூப்பிட்டுக் கேக்காத. பதினெட்ட எடு, படி."

படித்தேன்.